டெல்லியில் அரை நாள்: சுற்றுலாப் பேருந்தா, வாடகைக் காரா, மெட்ரோவா?

காசிக்கோ ஹரித்துவாருக்கோ போகிற வழியில், அல்லது அலுவலக வேலையொன்றை முடித்துவிட்டு இரவு ரயிலுக்குக் காத்திருக்கும் இடைவெளியில், டெல்லியில் அரை நாள் கையில் கிடைப்பது தமிழ்நாட்டிலிருந்து செல்பவர்களுக்கு அடிக்கடி நேர்வதுதான். அந்த நேரத்தை என்ன செய்வது என்று கேட்டால் நான்கு யோசனைகள் வரும்: வழிகாட்டியுடன் கூடிய சுற்றுலாப் பேருந்தில் ஏறிக்கொள்ளலாம், நான்கு மணி நேரத்துக்குக் கார் ஒன்றை அமர்த்திக்கொள்ளலாம், மெட்ரோவிலும் ஆட்டோவிலுமாக நாமே சுற்றலாம், அல்லது ஒரே இடத்தைத் தேர்ந்து அங்கேயே பொறுமையாக இருந்துவிட்டு வரலாம். பலரும் இவற்றைக் கட்டணத்தை வைத்தே எடைபோடுகிறார்கள். என் கணிப்பில் கட்டணம் இரண்டாம்பட்சம். வண்டிகள் ஓடுவதற்காகப் போடப்பட்ட ஊர் ஒன்றும், மனிதர் நடப்பதற்காகக் கட்டப்பட்ட ஊர் ஒன்றும் டெல்லியில் அடுத்தடுத்து இருக்கின்றன. இவற்றில் எதைப் பார்க்கப் போகிறோம் என்று தீர்மானித்துவிட்டால், எதில் போவது என்ற கேள்வியில் முக்கால் பங்கு தீர்ந்துவிடும்.

முதலில் தூரத்தைப் பார்த்துவிடுவோம். வடக்கே இருக்கும் செங்கோட்டையிலிருந்து தெற்கே இருக்கும் குதுப் மினாருக்குச் சாலை வழியாக ஏறத்தாழ 20 கிலோமீட்டர். நெரிசல் நேரத்தில் இதைக் கடக்க ஒரு மணி நேரம் போதாமலும் போகலாம். இரண்டுக்கும் நடுவில் ஆங்கிலேயக் கட்டடக் கலைஞர்களான லட்யன்ஸும் பேக்கரும் வகுத்த புது டெல்லி இருக்கிறது. தலைநகரம் கல்கத்தாவிலிருந்து மாற்றப்படும் என்று 1911-இல் அறிவித்து, 1931-இல் திறந்துவைத்த இந்தப் பகுதியில் சாலைகள் அகலமானவை, கட்டடங்கள் ஒன்றுக்கொன்று தொலைவில் நிற்பவை. குடியரசுத் தலைவர் மாளிகையிலிருந்து இந்தியா கேட்டுக்கு மட்டுமே ஏறத்தாழ 3 கிலோமீட்டர். பழைய டெல்லியின் அமைப்பே வேறு. ஷாஜகான் 1639-இல் தொடங்கி 1648-இல் முடித்த செங்கோட்டையின் முன்னால் விரிந்த அந்த நகரம், குறுகிய சந்துகளும் அவற்றுக்குள் புகுந்து செல்லும் இன்னும் குறுகிய சந்துகளுமாக இருக்கிறது. (கிழக்கிந்தியக் கம்பெனி சென்னையில் கோட்டை கட்டுவதற்கான நிலத்தைப் பெற்றதும் அதே 1639-ஆம் ஆண்டில்தான் என்பதை நம் ஊர்க்காரர்கள் நினைவில் வைத்துக்கொள்ளலாம், வழிகாட்டிகள் இதைச் சொல்வதில்லை.)

அரை நாள் பேருந்துச் சுற்றுலாக்களும் இந்தப் பிரிவை ஒட்டியே வகுக்கப்பட்டிருக்கின்றன. காலையில் ஒன்பது மணியளவில் புறப்பட்டு மதியம் முடிவது புது டெல்லிச் சுற்று. மதிய உணவுக்குப் பிறகு புறப்பட்டு மாலையில் முடிவது பழைய டெல்லிச் சுற்று. டெல்லி அரசின் சுற்றுலாக் கழகமும் தனியார் நிறுவனங்களும் இவற்றை நடத்துகின்றன. புறப்படும் இடம் பெரும்பாலும் கன்னாட் பிளேஸ் சுற்றுவட்டாரம். காலைச் சுற்றில் பிர்லா மந்திர் எனப்படும் லட்சுமி நாராயணர் கோயில், குடியரசுத் தலைவர் மாளிகை, இந்தியா கேட், தாமரைக் கோயில் அல்லது ஹுமாயூன் கல்லறை, குதுப் மினார் ஆகியவை வரும். மதியச் சுற்றில் செங்கோட்டையும் ராஜ்காட்டும் வரும். ஜாமா மசூதி சில சமயம் சேரும், சில சமயம் சன்னல் வழிக் காட்சியோடு நின்றுவிடும். பட்டியலில் இருக்கும் இடங்கள் எல்லாவற்றிலும் இறங்குவதில்லை என்பதைப் பணம் கட்டுவதற்கு முன்பே தெரிந்துகொள்ள வேண்டும். குடியரசுத் தலைவர் மாளிகையை விஜய் சௌக் பக்கமிருந்து பார்ப்பதோடு சரி. உள்ளே செல்ல இணையத்தில் முன்கூட்டியே பதிவு செய்திருக்க வேண்டும், அது எந்தச் சுற்றுலாப் பேருந்தோடும் வராது.

காலைச் சுற்றைப் பொறுத்தவரை பேருந்துக்கே என் வாக்கு. தொலைதூரத்தில் சிதறிக் கிடக்கும் இடங்களை ஒரே கோட்டில் கோத்துத் தருவதும், ஒவ்வோரிடத்திலும் ஆட்டோக்காரரோடு பேரம் பேசும் தொல்லையை நீக்குவதும் அதன் பெரிய உபகாரங்கள். மே, ஜூன் மாதங்களில் டெல்லி வெயில் 40 டிகிரியைச் சர்வசாதாரணமாகத் தாண்டும்; அந்த நாட்களில் ஒவ்வோர் இடத்தையும் பார்த்துவிட்டுத் திரும்பும்போது குளிரூட்டப்பட்ட வண்டி ஒன்று காத்திருப்பது, உடன் வரும் முதியவர்களுக்கு, அந்த நாளையே காப்பாற்றிக் கொடுப்பதாகும். பிர்லா மந்திருக்குள் கைப்பேசி அனுமதியில்லை. தனியாகச் செல்பவர்கள் அதைப் பெட்டகத்தில் வைத்து, சாவி வாங்கி, திரும்பி வந்து மீட்க வேண்டும். பேருந்தில் வந்தவர்கள் கைப்பேசியை இருக்கைப் பையில் போட்டுவிட்டு இறங்குகிறார்கள், ஓட்டுநர் வண்டியிலேயே இருக்கும் வரை இது வசதிதான்.

பேருந்து நம்மிடமிருந்து எதை எடுத்துக்கொள்கிறது என்பதைக் குதுப் மினாரில் பார்க்கலாம். வண்டி வாசலுக்குச் சற்றுத் தள்ளி நிற்கும். வழிகாட்டி கைக்கடிகாரத்தைப் பார்த்து, முக்கால் மணி நேரத்தில் எல்லோரும் திரும்பிவிட வேண்டும் என்பார். சீட்டு வரிசையிலும் பாதுகாப்புச் சோதனையிலும் அதில் கால் மணி நேரம் கரையும். உள்ளே போனதும் மினாரின் உயரம் 72.5 மீட்டர், தொடங்கியவர் குத்புதீன் ஐபக், அடுத்தடுத்த நிலைகளைக் கட்டியவர் இல்துத்மிஷ், 1981-இல் படிக்கட்டில் நிகழ்ந்த நெரிசல் விபத்துக்குப் பிறகு மேலே யாரையும் விடுவதில்லை என்று நான்கைந்து செய்திகள் மளமளவென்று சொல்லப்படும். பிறகு குப்தர் காலத்து இரும்புத் தூண். அது ஏன் துருப்பிடிக்கவில்லை என்ற விளக்கம். வேலிக்கு வெளியே நின்று ஒரு படம். அதோடு திரும்பும் நேரம் வந்துவிடுகிறது.

அந்தத் தூணைச் சுற்றியிருக்கும் பழைய பள்ளிவாசலின் மண்டபத்தில்தான் நம்மவர்கள் நின்று பார்க்க வேண்டிய சங்கதி இருக்கிறது. 27 கோயில்களின் கற்களைக் கொண்டு இந்தப் பள்ளிவாசலைக் கட்டியதாக அதன் வாயில் கல்வெட்டே சொல்கிறது. தூண்களின் அருகே போய்ப் பார்த்தால் சங்கிலியில் தொங்கும் மணிகளும் பூ வேலைப்பாடும் தெளிவாகத் தெரியும். உயரம் போதாத இடங்களில் ஒரு தூணின் மேல் இன்னொரு தூணை நிறுத்தியிருப்பதும், இரண்டின் செதுக்கலும் ஒத்துப்போகாமல் நிற்பதும் கண்ணில் படும். கோயில் மண்டபங்களைப் பார்த்துப் பழகியவர்களுக்கு இவற்றை யாரும் விளக்க வேண்டியதில்லை, நின்று பார்க்க நேரம் கொடுத்தால் போதும். சில அடிகள் தள்ளி அலாவுதீன் கில்ஜி கட்டிய அலாய் தர்வாசா இருக்கிறது. அது எழுந்த 1311-ஆம் ஆண்டில்தான் அவருடைய தளபதி மாலிக் கபூரின் படை மதுரை வரை வந்து, பெருஞ்செல்வத்தோடு டெல்லி திரும்பியது. மதுரைக்காரர் ஒருவருக்கு அந்த வாசலின் முன் நிற்பது வேறு விதமான அனுபவமாக இருக்கக்கூடும். பேருந்துக்காரர் கொடுக்கும் முக்கால் மணி நேரத்தில் அந்த வாசல் வரை போகிறவர்கள் குறைவு. ஆகவே வரலாற்றில் உண்மையான ஈடுபாடு உள்ளவர்கள் பேருந்தில் போவதானால், மினாரை அண்ணாந்து பார்க்கும் நேரத்தைக் குறைத்துக்கொண்டு, வழிகாட்டியின் விளக்கம் முடிவதற்கு முன்பே கூட்டத்திலிருந்து விலகி இந்தப் பக்கம் வந்துவிடுவது நல்லது. யாரும் கோபித்துக்கொள்வதில்லை, குறித்த நேரத்துக்கு வண்டிக்குத் திரும்பினால் சரி.

மதியச் சுற்றான பழைய டெல்லிக்குப் பேருந்தை நான் பரிந்துரைப்பதில்லை. இதற்குக் காரணம் மிக எளிது. செங்கோட்டைக்கும் பதேபூரி மசூதிக்கும் இடையிலான சாந்தினி சௌக் முதன்மைச் சாலை 2021-இல் புதுப்பிக்கப்பட்ட பிறகு, காலை ஒன்பது மணியிலிருந்து இரவு ஒன்பது மணி வரை அதில் மோட்டார் வாகனங்களுக்கு அனுமதியில்லை. பழைய டெல்லியின் உயிரே அந்தச் சாலையிலும் அதன் கிளைச் சந்துகளிலும்தான் இருக்கிறது. பேருந்தோ அதற்கு வெளியே நின்றுவிடுகிறது. சீக்கியரின் ஒன்பதாவது குருவான தேஜ் பகதூர் 1675-இல் உயிர்நீத்த இடத்தில் எழுந்த சீஸ் கஞ்ச் குருத்துவாரா, கோட்டைக்கு எதிரே இருக்கும் சமணரின் லால் மந்திர், பராட்டாக் கடைகள் வரிசையாக உள்ள சந்து, மறுகோடியில் மிளகாய் நெடி தும்மலை வரவழைக்கும் காரி பாவ்லி மசாலாச் சந்தை ஆகிய எதையும் சன்னல் வழியாகப் பார்க்க முடியாது. பேருந்துச் சுற்றில் பழைய டெல்லி என்பது செங்கோட்டையும் அதன் வாகன நிறுத்தமுமாகச் சுருங்கிப்போகிறது. டிசம்பர், ஜனவரி மாதங்களில் ஐந்தரை மணிக்கெல்லாம் பொழுது சாய்ந்துவிடுவதால் மதியச் சுற்று இன்னும் அவசரமாக நடக்கும்.

இந்தப் பகுதிக்கு மெட்ரோதான் சரியான வாகனம். புது டெல்லி ரயில் நிலையத்திலிருந்து மஞ்சள் தடத்தில் ஏறினால் இரண்டாவது நிறுத்தமே சாந்தினி சௌக். தமிழ்நாட்டுப் பயணிகள் பலர் தங்கும் கரோல் பாக்கிலிருந்து என்றால், நீலத் தடத்தில் வந்து ராஜீவ் சௌக்கில் மாற வேண்டும். ஊதாத் தடத்தில் ஜாமா மசூதி, லால் கிலா என்ற பெயர்களிலேயே நிலையங்கள் 2017-இல் திறக்கப்பட்டன. லால் கிலாவில் இறங்கினால் செங்கோட்டை நடக்கும் தூரம். கோட்டையில் தொடங்கி, சாந்தினி சௌக் வழியே மேற்காக நடந்து, காரி பாவ்லியை எட்டிப் பார்த்துவிட்டு, மிதிவண்டி ரிக்சாவில் ஜாமா மசூதிக்கு வந்து முடித்துக்கொள்வது அரை நாளுக்கு அளவான திட்டம். கோட்டைக்குள் வழிகாட்டிகள் திவானி ஆம், திவானி காஸ் என்ற அரசவை மண்டபங்களோடு நிறுத்திக்கொள்வார்கள். 1945-46-இல் இந்திய தேசிய இராணுவத்தினர் மீதான வழக்கு அந்தக் கோட்டைக்குள்தான் விசாரிக்கப்பட்டது என்பதையும், நேதாஜிக்கும் அந்தப் படைக்குமான அருங்காட்சியகம் 2019 முதல் அங்கே இருக்கிறது என்பதையும் நாமே நினைவில் வைத்துக்கொண்டு தேடிப் போக வேண்டும். மலாயாத் தோட்டங்களிலிருந்து அந்தப் படையில் சேர்ந்த தமிழர்கள் ஏராளம் என்பதால், தமிழர்கள் அதைப் பார்க்காமல் திரும்புவது எனக்கு எப்போதும் வருத்தம் தருகிறது.

மெட்ரோவின் குறைகளையும் சொல்ல வேண்டும். ஒவ்வொரு நிலையத்திலும் பாதுகாப்புச் சோதனை உண்டு. காலை, மாலை அலுவலக நேரங்களில் அந்த வரிசை நீளும். ராஜீவ் சௌக், காஷ்மீரி கேட் போன்ற சந்திப்பு நிலையங்களில் ஒரு தடத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறுவதற்கு நடக்கும் தூரமும் படிகளும் முழங்கால் வலி உள்ளவர்களை வாட்டிவிடும். குதுப் மினார் என்ற பெயரில் நிலையம் இருக்கிறதே என்று நம்பி இறங்குபவர்கள், மினாருக்கு அங்கிருந்து ஒன்றரை கிலோமீட்டருக்கு மேல் ஆட்டோவில் போக வேண்டியிருப்பதைப் பார்த்து ஏமாறுகிறார்கள். ஹுமாயூன் கல்லறைக்கு அருகிலும் மெட்ரோ நிலையம் கைக்கெட்டும் தூரத்தில் இல்லை. தாமரைக் கோயில் மட்டும் விலக்கு. கல்காஜி மந்திர் நிலையத்திலிருந்து நடந்தே போய்விடலாம். புது டெல்லிச் சுற்றில் வரும் இடங்களை மெட்ரோவில் இணைக்க முயன்றால் பாதி நேரம் பூமிக்கடியிலும் மீதி நேரம் ஆட்டோ பேரத்திலும் போய்விடும்.

வாடகைக் காரைப் பற்றி நீட்டிப் பேச அதிகமில்லை. டெல்லியில் நான்கு மணி நேரம்–40 கிலோமீட்டர், எட்டு மணி நேரம்–80 கிலோமீட்டர் என்ற கணக்கில் வாடகை பேசுவது வழக்கம். இருவர் மட்டும் என்றால் பேருந்தே மலிவு. நான்கு பேர் கொண்ட குடும்பத்துக்கு இரண்டுக்கும் பெரிய வித்தியாசம் இருக்காது. கரோல் பாக்கிலிருந்து குதுப் மினாருக்குப் போய், வழியில் இரண்டிடங்களைப் பார்த்துத் திரும்பினால் 40 கிலோமீட்டர் தாண்டக்கூடும் என்பதையும், வாகன நிறுத்தக் கட்டணம் நம் தலையில்தான் என்பதையும் முன்பே பேசிக்கொள்ள வேண்டும். கைக்குழந்தையோடு வருபவர்களுக்கும், அடிக்கடி கழிப்பறை தேட வேண்டிய முதியவர்களோடு வருபவர்களுக்கும் கார்தான் ஏற்றது. நாற்பது பேரின் நேரத்தைக் கட்டிக்கொண்டு பயணிப்பதில் அவர்களுக்கு ஏற்படும் சங்கடம் பணத்தால் அளக்கக் கூடியதன்று. ராமகிருஷ்ணபுரத்தின் மலை மந்திரில் முருகனைக் கும்பிட்டுவிட்டுப் போக வேண்டும் என்று அம்மா ஆசைப்பட்டாலும் கார்தான் வழி. எந்தப் பேருந்தும் அங்கே திரும்பாது. ஓட்டுநர் வழிகாட்டி அல்லர் என்பதை மட்டும் மறக்கக் கூடாது. நினைவுச்சின்னங்களின் வாசலில் அடையாள அட்டையோடு நிற்கும் அரசு உரிமம் பெற்ற வழிகாட்டிகளில் ஒருவரை அந்த ஓரிடத்துக்கு மட்டும் அமர்த்திக்கொள்ளலாம்.

வழிகாட்டி என்றதும் மொழிப் பிரச்சினை வந்துவிடுகிறது. பேருந்துச் சுற்றுகளில் விளக்கம் இந்தியிலும் ஆங்கிலத்திலும் இருக்கும்; ஒலிபெருக்கியில் இந்தியில் ஐந்து நிமிடம் ஓடியது ஆங்கிலத்தில் இரண்டு வாக்கியமாக வருவதும் உண்டு. தமிழ் மட்டுமே அறிந்த பெற்றோரை அழைத்துப் போகிறவர்கள், வழிகாட்டிக்காகப் பேருந்தைத் தேர்கிறோம் என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். அவர்களுக்கு வழிகாட்டியாக இருக்கப் போவது உடன் வரும் மகனோ மகளோதான். ரயிலில் வரும்போதே கொஞ்சம் படித்து வைத்துக்கொண்டால் எந்த வண்டியிலும் சமாளிக்கலாம்.

நான்காவது வழி, ஒரே இடத்தைத் தேர்ந்து அங்கேயே அரை நாளைச் செலவிடுவது. டெல்லிக்கு இரண்டாம் முறையாக வருபவர்களுக்கு மற்ற மூன்றையும்விட இதையே சொல்வேன், அதற்கு ஹுமாயூன் கல்லறையைச் சொல்வேன். ஹுமாயூனின் மனைவி பேகா பேகத்தின் முயற்சியில் எழுந்து, தாஜ்மகாலுக்கு முன்னோடியாகக் கருதப்படும் அந்தக் கட்டடமும், அதன் நான்கு பகுதித் தோட்டமும், 2024-இல் நிலத்தடியில் திறக்கப்பட்ட அருங்காட்சியகமும், அடுத்த வாசலில் சுந்தர் நர்சரி என்ற பூங்காவின் மர நிழலும் சேர்ந்தால் அரை நாள் போதாது. பேருந்தில் வருபவர்கள் இதற்குத் தரும் நேரத்தைப் பார்த்தால் பரிதாபமாக இருக்கும். அக்சர்தாம் கோயிலும் இப்படித்தான், தனியாகவே அரை நாளை விழுங்கிவிடும். பையையும் கைப்பேசியையும் ஒப்படைக்கும் வரிசையே நீளமானது. மற்ற நான்கு இடங்களோடு அக்சர்தாமையும் அரை நாளில் காட்டுவதாகச் சொல்லும் எந்தச் சுற்றையும் நம்ப வேண்டாம்.

கிழமை விஷயத்தில் கவனம் வேண்டும். திங்கட்கிழமையன்று செங்கோட்டை, தாமரைக் கோயில், அக்சர்தாம், தேசிய அருங்காட்சியகம் ஆகியவை மூடியிருக்கும். சுற்றுலா நிறுவனங்கள் பலவும் அன்று வண்டியை எடுப்பதில்லை. குதுப் மினாரும் ஹுமாயூன் கல்லறையும் எல்லா நாளும் திறந்திருக்கும் என்பதால், திங்கட்கிழமைதான் வாய்த்தது என்றால் காரில் அவ்விரண்டுக்கும் போவதே வழி. வெள்ளிக்கிழமை நண்பகலில் ஜாமா மசூதியில் தொழுகை நேரம். பார்வையாளர்களை உள்ளே விடுவதில்லை. ஞாயிற்றுக்கிழமை சாந்தினி சௌக்கில் பெரும்பாலான கடைகள் பூட்டியிருக்கும். நடக்க வசதிதான், சந்தையின் சுறுசுறுப்பைப் பார்க்க முடியாது. ஆகஸ்ட் 15-க்கு முந்தைய நாட்களில் பாதுகாப்புக் காரணமாகச் செங்கோட்டை மூடப்படுகிறது. குடியரசு நாளை ஒட்டி இந்தியா கேட் பக்கத்துச் சாலைகள் பலவும் அடைக்கப்படுகின்றன. நவம்பர் முதல் ஜனவரி வரை காற்று மாசு கடுமையாக இருக்கும் நாட்களில், மூச்சிரைப்பு உள்ளவர்களை நடைப்பயணத்துக்கு அழைத்துச் செல்லாமல், அன்று மட்டும் பழைய டெல்லியைக் கைவிட்டுக் காரில் போவது நல்லது.

பேருந்து என்று முடிவானால், எங்கே பதிவு செய்கிறோம் என்பது முக்கியம். புது டெல்லி ரயில் நிலையத்தின் பஹார்கஞ்ச் பக்க வாசலில், அரசாங்கச் சுற்றுலா அலுவலகத்துக்கு அழைத்துப் போகிறேன் என்று கையைப் பிடிக்காத குறையாக இழுப்பவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் கூட்டிச் செல்வது அரசு அலுவலகமாக இருப்பதில்லை. டெல்லி சுற்றுலாக் கழகத்தின் முன்பதிவு இடம் கன்னாட் பிளேஸ் அனுமன் கோயில் இருக்கும் பாபா கடக் சிங் மார்கில் உள்ளது. அங்கே நேரடியாகவோ இணையத்திலோ பதிவு செய்யலாம். ஒரு முறை தனியார் வண்டி ஒன்றில் போனபோது, குதுப் மினாரில் எங்களை விரட்டி விரட்டி ஏற்றிய வழிகாட்டி, அடுத்து ஒரு கைவினைப் பொருள் கடையின் வாசலில் இறக்கிவிட்டு, இங்கே எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் இருக்கலாம் என்று பெருந்தன்மையோடு சொன்னார். கடையில் வாங்கினால் அவருக்குத் தரகு கிடைக்கும் என்பது சொல்லாமலே புரிந்தது. ஆகவே பணம் கட்டுவதற்கு முன் இறங்கும் இடங்கள் எவை, வழியில் கடைக்கு அழைத்துச் செல்வார்களா, நுழைவுக் கட்டணம் தனியா, முடிவில் இறக்கிவிடுவது புறப்பட்ட இடத்திலேயா என்ற நான்கையும் கேட்டுவிடுங்கள். நுழைவுக் கட்டணம் பெரும்பாலும் தனிதான். தொல்லியல் துறையின் சின்னங்களில் 15 வயதுக்குட்பட்டவர்களுக்குக் கட்டணம் இல்லை என்பதால் குழந்தைகளின் வயதுச் சான்றைக் கைப்பேசியில் வைத்துக்கொள்ளலாம்.

அன்றைய இரவே ரயில் ஏறுபவர்கள் பெட்டிகளைப் பேருந்துக்கு எடுத்துச் செல்ல வேண்டாம். வைக்க இடம் இருந்தாலும் ஒவ்வொரு நிறுத்தத்திலும் மனம் அங்கேயே இருக்கும். புது டெல்லி நிலையத்தின் கிளாக் ரூமில் பயணச்சீட்டைக் காட்டி ஒப்படைத்துவிடலாம். பூட்டு போடாத பையை அங்கே வாங்க மாட்டார்கள் என்பதால் ஊரிலிருந்து புறப்படும்போதே சிறிய பூட்டு ஒன்றிரண்டைக் கையோடு கொண்டு வர வேண்டும். மெட்ரோவில் போகிறவர்களுக்கும் இதையேதான் சொல்வேன், பெரிய பெட்டியோடு சோதனை வரிசையில் நிற்பதைவிடச் சிரமமான வேலை டெல்லியில் வேறில்லை.